விட்டுப் போச்சு

ததேயுஸுக்கு ஊர் வைத்த பெயர் பாதிச்சாமி. பிரெஞ்சுக்காரர்கள் தொடங்கிய சபை ஒன்றின் குருமடத்தில் வருஷக்கணக்கில் படித்து, குருப்பட்டம் வாங்கப் போகிற நேரத்தில் பெட்டியைத் தூக்கிக்கொண்டு வீடு வந்து சேர்ந்தவன். வந்ததோடு நிற்காமல் அடுத்த வருஷமே லிஜியைக் கட்டிக்கொண்டான். ஊர் அவனிடம் கோபப்படவில்லை. கோபப்பட்டிருந்தால்கூடப் பரவாயில்லை, சிரித்தது. பூசை வைக்கவும் ஆகாது, கடலுக்குப் போகவும் ஆகாது. கையில் மிஞ்சியது பிரெஞ்சு மொழி ஒன்றுதான். தேங்காய்ப்பட்டணம் ஆற்று முகத்துவாரத்துக்கு மேற்கே கிடக்கும் ஒரு மீன்பிடி ஊரில் பிரெஞ்சை வைத்துக்கொண்டு என்ன செய்ய? மீனுக்குப் பிரெஞ்சு தெரியாது. பிள்ளைகளுக்கு இங்கிலீஷ் ட்யூஷன் எடுத்துக் காலம் தள்ளினான்.

அதனால்தான், சுனாமி முடிந்து இரண்டாவது வருஷம் ஈஸ்டர் கழிந்த கையோடு திருவனந்தபுரத்திலிருந்து டாக்ஸியில் ஒரு வெள்ளைக்காரர் வந்து இறங்கி, யாருக்கும் புரியாத இங்கிலீஷில் ஏதோ கேட்டபோது, பாதி ஊர் ததேயுஸைத் தேடி ஓடியது. வாழ்க்கையில் முதன்முறையாக அவனை ஓடி வந்து கூப்பிட்டார்கள். அந்த ஓட்டத்தின் சந்தோஷத்தை அவன் பிற்பாடு பலமுறை நினைத்து நொந்துகொண்டான்.

வந்தவர் பெயர் லூசியன் மார்வே. வயது அறுபத்தைந்துக்கு மேல். முதுகு கொஞ்சம் கூனியிருந்தது. பிரெஞ்சு மரியாதைப்படி ததேயுஸ் அவரை முசியே என்று கூப்பிட, தேங்காய்ப்பட்டணத்தில் சாயாக்கடை வைத்திருந்த மைதீன் கனி காதில் அது மூசா என்று விழுந்தது. நம்ம ஆளுதானா என்று விசாரித்து, வெள்ளிக்கிழமை பள்ளிவாசலுக்கு அழைத்துக்கொண்டு போகவும் தயாராகிவிட்டார். விஷயம் தெரிந்த பிறகும் மூசா மூசாதான். அவருக்கும் அந்தப் பெயர் பிடித்துப்போயிற்று. பாலில்லாத சாயாவுக்குக் கட்டஞ்சாயா என்ற சொல்லை இரண்டே நாளில் கற்றுக்கொண்டு, கடை பெஞ்சில் உட்கார்ந்து தன் கதையைத் தானே சிரித்துச் சிரித்துச் சொன்னார்.

சினிமாவுக்குத் திரைக்கதை எழுதுகிறவர். நாற்பது வருஷமாக அதே தொழில். ஆனால் பிரான்சில் பத்துப் பேரை நிறுத்திக் கேட்டால் பத்துப் பேருக்கும் அவரைத் தெரியாது. முதல் படம் கலங்கரை விளக்கத்துக் காவல்காரன் ஒருவனைப் பற்றிய வேடிக்கைக் கதை. படம் நன்றாக ஓடியது. திரையில் மூன்றாவதாக வந்த அவர் பெயரில் எழுத்துப் பிழை. அதற்குப் பிறகு மாட்டு வைத்தியர் ஒருவரைப் பற்றிய டி.வி. தொடரை வருஷக்கணக்கில் எழுதினார். ஒருநாள் காலையில் போனபோது அவர் நாற்காலியில் வேறொருவர் இருந்தார். மற்றவர்கள் எழுதிக் கெடுத்ததைப் பெயர் போடாமல் சீர் செய்துகொடுப்பதுதான் நடுவயதுக்குப் பிறகு அவருடைய முக்கிய வேலை. அவர் எழுதிய படங்கள் உண்டு. அவர் எழுதிய முடிவு ஒன்றுகூட இன்றுவரை திரைக்கு வந்ததில்லை. யாராவது ஒருவர் கடைசி நேரத்தில் வந்து மாற்றிவிடுவார்கள்.

ததேயுஸ் அதை மொழிபெயர்த்துச் சொன்னதும் மைதீன் கனி தலையாட்டினார். "இஞ்சயும் அதானே. கடல்ல போறவன் ஒருத்தன், கரையில நின்னு வெல சொல்லுதவன் வேற ஒருத்தன்." மூசா அதை இன்னொரு தடவை சொல்லச் சொல்லிக் கேட்டார். இதைவிட நன்றாக அவருடைய தொழிலை யாரும் விளக்கியதில்லையாம்.

சுனாமியில் பிள்ளையை இழந்த ஒரு தாயைப் பற்றிப் படம் எடுக்கப் பாரிசில் ஒரு கம்பெனி முடிவு செய்திருந்தது. பெரிய எழுத்தாளர் யாரும் கிடைக்காததால் இவரை அனுப்பியிருந்தார்கள். யாரையாவது பார்த்துப் பேச வேண்டும் என்றார். ததேயுஸ் தன் சொந்த மயினியிடம் அழைத்துக்கொண்டு போனான். அண்ணன் சிலுவையின் மனைவி ஜெபமணி.

அந்த வீட்டு நிலைமையைச் சொல்லிவிட வேண்டும். சிலுவைக்குக் குவைத்தில் வேலை. கடல் பொங்கிய அன்று அவன் அங்கே இருந்தான். இரண்டு பிள்ளைகள்: சுஜின் ஆறு வயது, அஜிஷா நாலு வயது. சுஜின் இருக்கிறான். அஜிஷாவை மறுநாள் தென்னந்தோப்பில் கண்டெடுத்தார்கள். சிலுவை வந்தான், கல்லறைக்குப் போனான், போட்டோவைப் பார்த்துக்கொண்டே இருந்தான், திரும்பிப் போனான். எப்படி நடந்தது என்று மனைவியிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. பக்கத்து வீட்டுப் பெண்களுக்கும் கேட்கத் துணிவில்லை. கேட்காமல் இருப்பதுதான் அந்த வீட்டைத் தாங்கி நிறுத்தியிருந்தது. ஜெபமணி சோறு வைத்தாள், சுஜினைப் பள்ளிக்கூடம் அனுப்பினாள், ஞாயிற்றுக்கிழமை பூசைக்குப் போனாள்.

அப்படிப்பட்டவள் மூசாவிடம் ஏன் பேசினாள் என்று ததேயுஸுக்கு இன்றுவரை தெரியாது. ஒருவேளை அவருக்குத் தமிழ் தெரியாது என்பதால் இருக்கலாம். முதலில் ஒன்று மட்டும் கேட்டாள், இவர் வெளியில் சொல்லுவாரா என்று. மூசா நெஞ்சில் கை வைத்துச் சொன்னார்: பெயர் மாறும், ஊர் மாறும், உங்களை யாருக்கும் அடையாளம் தெரியாது. ததேயுஸும் சத்தியம் செய்யாத குறையாக உறுதி சொன்னான். அதற்குப் பிறகு அவள் முற்றத்துப் பாயில் காயப்போட்டிருந்த நெத்தோலி மீனைப் பொறுக்கிக்கொண்டே, அவர்கள் முகத்தைப் பார்க்காமல் பேசினாள்.

"கிறிஸ்மஸுக்க மறுநாளு. பூசைக்குப் போயிட்டு வந்து பிள்ளையளுக்குப் புது உடுப்புகூட மாத்தல்ல. அஜிஷாவுக்கு அவுக குவைத்துல இருந்து ஷூ குடுத்து விட்டிருந்தாவ. நடந்தா கீச்சு கீச்சுன்னு சத்தம் கேக்கும். அதப் போட்டுக்கிட்டு ஊரு முழுக்க நடந்தா, கழத்தச் சொன்னா கேக்கமாட்டா. ஆளுவ ஓடுத சத்தம் கேட்டு. நான் ரெண்டு பிள்ளையளையும் புடிச்சேன். ரெண்டு கையில ரெண்டு பிள்ள. வெள்ளம் இடுப்புக்கு வந்து, பொறவு கழுத்துக்கு வந்து. ஒரு கை விட்டுப் போச்சு."

அவ்வளவுதான். பொறுக்கிய நெத்தோலியை முறத்தில் போட்டாள்.

ததேயுஸ் அழுதுகொண்டிருந்தான். கீச்சு கீச்சு சத்தத்தோடு அந்தப் பிள்ளை அவன் ட்யூஷன் பெஞ்சுக்கு அடியில் புகுந்து விளையாடியதெல்லாம் கண்முன்னே வந்துவிட்டது. மூசா பென்சிலோடு காத்திருந்தார். ததேயுஸ் மூக்கைத் துடைத்துக்கொண்டு வாய்க்கு வந்த பிரெஞ்சில் சொன்னான்: அவள் ஒரு கையை விட்டாள். 'லாஷே' என்ற சொல்லைப் போட்டான்.

தமிழில் அவள் சொன்ன வாக்கியத்தில் ஆளே இல்லை. கை இருக்கிறது, விட்டுப் போனது இருக்கிறது, விட்டவர் என்று யாரும் இல்லை. பிரெஞ்சுக்காரனுக்கு வாக்கியத்தின் முன்னால் ஓர் ஆள் நிற்க வேண்டும். அந்த இடத்தில் ததேயுஸ் தன் மயினியைக் கொண்டு நிறுத்திவிட்டான். நிறுத்தியது அவனுக்கே அப்போது தெரியவில்லை. மூசாவின் பென்சில் மட்டும் ஒரு கணம் நின்று, பிறகு வேகமாக ஓடியது.

மூசா எழுதுகிற முறை விசித்திரமானது. உடம்பால் செய்து பார்க்காத எதையும் எழுதமாட்டார். கதையில் ஒருத்தி குடம் தூக்கினால் இவரும் குடம் தூக்கிக்கொண்டு நடப்பார். கடற்கரையில் பெண்கள் சிரித்துப் புரண்டார்கள். ஷூ என்ன நிறம், மயினி கொண்டையை எப்படி முடிவாள் என்பதுவரை ததேயுஸிடம் கேட்டுக் குறித்துக்கொண்டார். எழுதி முடித்த பக்கங்களை வாரம் ஒருமுறை தேங்காய்ப்பட்டணத்தில் ஃபஹீம் நடத்திய பிரவுசிங் சென்டரிலிருந்து பாரிசுக்கு அனுப்பிவிடுவார். ததேயுஸிடம் படிக்கக் கொடுப்பது அதற்குப் பிறகுதான்.

அப்படித்தான் அந்தக் காட்சி அவன் கைக்கு வந்தபோது பாரிசுக்குப் போய் ஒரு வாரம் ஆகியிருந்தது. தண்ணீர் கழுத்துவரை ஏறுகிறது. தாய் வலது கையைப் பார்க்கிறாள், மகள். இடது கையைப் பார்க்கிறாள், மகன். ஷூ கீச்சென்று ஒரு சத்தம். தாய் வலது கையின் விரல்களை ஒவ்வொன்றாகத் திறக்கிறாள்.

ததேயுஸ் அந்தப் பக்கங்களை எடுத்துக்கொண்டு மூசா தங்கியிருந்த வீட்டுக்கு வெயிலில் ஓடினான். இப்படி இல்லை, அவள் இப்படிச் சொல்லவில்லை என்றான். மூசாவுக்கு விளங்கவில்லை. நீதானே சொன்னாய், லாஷே என்று நீதானே சொன்னாய் என்றார். ததேயுஸ் தமிழ் வாக்கியத்தை அவருக்கு ஒவ்வொரு சொல்லாகப் பிரித்துக் காட்டினான். விட்டுப் போச்சு. அதில் யாரும் விடவில்லை, அது தானாகப் போயிற்று, எங்கள் மொழியில் அப்படிச் சொல்ல முடியும், உங்கள் மொழியில் முடியாது என்றான்.

"முடியுமே," என்றார் மூசா மெதுவாக. "எஷாபே. கை நழுவித் தப்பிப் போயிற்று. அதற்கு எங்களிடம் சொல் இருக்கிறதே."

இருக்கத்தான் இருக்கிறது. குருமடத்தில் முதல் வருஷமே படித்த சொல். அன்றைக்கு அந்த முற்றத்தில் அது வரவில்லை, அவ்வளவுதான்.

மூசா வாக்குவாதம் செய்யவில்லை. அவனைக் கிணற்றடிக்கு அழைத்துக்கொண்டு போனார். இருவர் கையிலும் தண்ணீரை ஊற்றிவிட்டு, என் கையைப் பிடி, விடாதே என்றார். பிறகு கூனிய முதுகோடு சாய்ந்து முழு பலத்தோடு இழுத்தார். ததேயுஸ் பல்லைக் கடித்துக்கொண்டு பிடித்தான். வழுக்கியது. மறுபடியும் பிடித்தான், மறுபடியும் வழுக்கியது. மூன்றாவது முறை மூசா போய்த் துவைக்கல்லில் இடித்துக்கொண்டார். எழுந்து முழங்கையைத் தடவியபடி தன் வெறும் உள்ளங்கையைப் பார்த்துக்கொண்டு நின்றார். ஆமாம், யாரும் விடவில்லை என்றார்.

அன்றே உட்கார்ந்து காட்சியைத் திருத்தி எழுதினார். கை நழுவுகிறது. அவ்வளவே. தாய்க்குக் கை காலியானது தெரிவதற்குள் எல்லாம் முடிந்துவிடுகிறது. அதற்குப் பிறகு படம் முழுக்க அவள் வீட்டில் யாரும் எதையும் கேட்பதில்லை. ததேயுஸ் படித்துவிட்டு அழுதான். இதுதான் சரி என்றான். ஷூ சத்தத்தை எடுக்கச் சொல்ல வேண்டும் என்று இருவருக்கும் தோன்றவில்லை. அது அழகாக இருந்தது.

பாரிசிலிருந்து பதில் வந்தது. முதலில் எழுதியதுதான் படம், திருத்தியது வேண்டாம். விரல்களைத் திறக்கும் அந்தக் காட்சிக்காகத்தான் நடிகை ஒத்துக்கொண்டிருக்கிறாள், அதை எடுத்துவிட்டால் படத்தில் என்ன இருக்கிறது என்று இயக்குநர் எழுதியிருந்தார். மூசா பதில் எழுதினார். அவர்கள் பதில் எழுதினார்கள். ஃபஹீமின் கடையில் மற்றவர்களுக்குக் கம்ப்யூட்டர் கிடைக்காத அளவுக்கு எழுதினார். பூத்துக்குப் போய் போனில் கத்தினார். ததேயுஸ் வெளியே நின்று கண்ணாடி வழியாகப் பார்த்தான், கிழவர் ஒரு கையால் போனைப் பிடித்துக்கொண்டு மறுகையால் நழுவுவதை நடித்துக் காட்டிக்கொண்டிருந்தார். போனில் அது யாருக்குத் தெரியும்?

கடைசியில் ஒரே ஆயுதம் மிச்சம். அந்தக் காட்சி இருந்தால் என் பெயரைப் போடக் கூடாது என்று எழுதினார். மறுநாளே பதில் வந்தது: சரி. நாற்பது வருஷத்தில் முதன்முறையாக அவர் சொன்னதை ஒரு எழுத்துக்கூட மாற்றாமல் ஏற்றுக்கொண்டிருக்கிறார்கள் என்று சொல்லிச் சிரித்தார்.

புறப்படுகிற அன்று சாயாக்கடையில் மைதீன் கனி, சினிமா என்ன ஆச்சு மூசா என்று கேட்டார். மூசா தனக்குத் தெரிந்த இரண்டாவது தமிழ்ச் சொல்லைச் சொன்னார்.

"விட்டுப் போச்சு."

கடையில் இருந்தவர்கள் கைதட்டினார்கள், வெள்ளைக்காரர் தமிழ் பேசிவிட்டார் என்று.

படத்தைக் கிழக்குக் கரையில் எங்கோ எடுத்தார்கள். பிரெஞ்சில் இருந்த வசனத்தைச் சென்னையில் யாரோ தமிழாக்கினார்களாம். அது எந்த நாட்டிலோ பரிசு வாங்கியது என்று ஒருமுறை செய்தி வந்தது. ஊர் மறந்தது. ததேயுஸும் மறந்த மாதிரி இருந்தான். தான் சினிமாவில் வேலை பார்த்தவன் என்று மட்டும் அவ்வப்போது பெருமையடித்துக்கொள்வான். பாதிச்சாமிக்கு அதை விட்டால் பெருமைப்பட வேறு என்ன இருக்கிறது?

சுனாமி நடந்து ஏழாவது வருஷம், டிசம்பரில் ஒரு ஞாயிறு, பூசை முடிந்து அறிவிப்பு வாசித்தார்கள். இருபத்தாறாம் தேதி சாயங்காலம் நினைவுத் திருப்பலிக்குப் பிறகு கோயில் மைதானத்தில் திரைப்படம். நம் மக்களின் துயரத்தைச் சொல்லி உலகப் பரிசு வாங்கிய படம். தொண்டு நிறுவனம் ஒன்று கடற்கரை ஊர்கள்தோறும் போட்டுக்காட்டுகிறது. அனைவரும் குடும்பத்தோடு வரவும்.

ததேயுஸ் நேரே பங்குச்சாமியிடம் போனான். புதிதாக வந்திருந்த சாமியார், நல்ல மனுஷன். அந்தப் படம் வேண்டாம் சாமி என்றான். ஏன் என்று கேட்டார். ஒரு சொல் தப்பாக இருக்கிறது என்றான். அவர் சிரித்துவிட்டார், ஒரு சொல்லுக்காகவா படத்தை நிறுத்துவார்கள் என்று. அதற்கு மேல் அவனால் பேச முடியவில்லை. பேச வேண்டுமென்றால் இது யாருடைய கதை என்று சொல்ல வேண்டும். எதை மறைக்கப் படத்தை நிறுத்த வந்தானோ அதைத் தானே வாயால் சொல்ல வேண்டும். தொண்டு நிறுவனத்து ஜெபசீலனைப் பார்க்க நாகர்கோவிலுக்கு பஸ் ஏறினான். அங்கேயும் அதே கதைதான். காப்பி வாங்கிக் கொடுத்து, உங்கள் உணர்வு புரிகிறது என்று சொல்லி அனுப்பிவைத்தார்.

பிரான்சுக்கு போன் போட்டான். மணி வெகுநேரம் அடித்தது. எடுத்த குரல் மிகவும் கிழடாகியிருந்தது. மூசாவுக்கு அவனை நினைவிருந்தது, மயினியை நினைவிருந்தது, கட்டஞ்சாயாகூட நினைவிருந்தது. படத்தை அவர் பார்க்கவே இல்லையாம். ஏதாவது செய்ய முடியுமா என்று ததேயுஸ் கெஞ்சினான்.

"என் பெயர் அதில் இருந்தால், எடுத்துவிடுவேன் என்று மிரட்டலாம்," என்றார் மூசா. "இல்லையே. எனக்கும் அந்தப் படத்துக்கும் இப்போது ஒரு சம்பந்தமும் இல்லை, ததே."

மிச்சமிருந்தது ஒரே வழி. மயினி வீட்டுக்குப் போய், படம் ஒண்ணும் கொள்ளாது, நல்லா இல்ல, வராதிய என்று சொல்லிப் பார்த்தான். ஆனால் சிலுவை கிறிஸ்மஸ் லீவில் வந்திருந்தான். அண்ணனுக்கு இந்தப் படத்தில் அப்படி ஒரு சந்தோஷம். எனக்க தம்பி வேல பாத்த படம் என்று தெருவில் போகிறவர்களை எல்லாம் நிறுத்திச் சொல்லிக்கொண்டிருந்தான். முன்வரிசையில் உட்கார வேண்டும் என்று வீட்டிலிருந்தே நாற்காலி எடுத்துக்கொண்டு போனான்.

மைதானத்தில் வெள்ளைத் துணி கட்டியிருந்தார்கள். கடல் பக்கம் வெளிச்சம் அடங்கியதும் படம் தொடங்கியது. ஊர்ப்பெயர் வேறு, ஆட்கள் பெயர் வேறு. மூசா சொன்ன வாக்கு தப்பவில்லை. கதாநாயகி சென்னைக்காரி, கருவாட்டை வளையல் பொறுக்குவது மாதிரிப் பொறுக்கினாள். ஜனம் கொஞ்சம் சிரித்தது. பிறகு ஒரு சின்னப் பிள்ளை புது உடுப்போடு திரையில் ஓடி வந்தது. கீச்சு, கீச்சு.

சிரிப்பு நின்றது. அந்தச் சத்தம் ஊருக்கே தெரியும். அந்த ஒரு கிறிஸ்மஸ் முழுக்க ஊர்ச் சந்துகளில் கேட்ட சத்தம் அது. தலைகள் ஒவ்வொன்றாக முன்வரிசைப் பக்கம் திரும்புவதை ஓரத்தில் நின்ற ததேயுஸ் பார்த்தான். சிலுவை திரும்பவில்லை. அவன் அனுப்பிய ஷூவைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

தண்ணீர் வந்தது. தாய் வலது கையைப் பார்த்தாள், இடது கையைப் பார்த்தாள். விரல்கள் ஒவ்வொன்றாகத் திறந்தன. பிறகு அவள் கரையில் மண்டியிட்டு அட்சரசுத்தமான தமிழில் சொன்னாள்: "நான் விட்டேன். நான்தான் விட்டேன்." மயினியின் முற்றத்திலிருந்து ஆள் இல்லாமல் கிளம்பிய வாக்கியம், பிரான்சு வரை போய் வந்து, இப்போது ஆளோடு திரும்பி வந்திருந்தது.

மைதானத்தில் எல்லோரும் அழுதார்கள். நல்ல படம்தான், அதில் சந்தேகமில்லை. ஜெபமணி அழவில்லை. கடைசியில் பெயர்கள் ஓடின. மூசாவின் பெயர் இல்லை. நன்றி என்ற வரிக்குக் கீழே ததேயுஸின் பெயர் இருந்தது, எழுத்துப் பிழை இல்லாமல். யாரோ கைதட்டினார்கள்.

வீட்டுக்குப் போகும்போது சுஜின் இரண்டு கைகளையும் கால்சட்டைப் பைக்குள் விட்டுக்கொண்டு, யாரையும் பார்க்காமல் முன்னால் நடந்தான். பதின்மூன்று வயசு. சிலுவை நாற்காலியைத் தூக்கிக்கொண்டு அவன் பின்னால் போனான். ஜெபமணி தனியாகக் கடைசியில் வந்தாள்.

மறுநாள் விடிந்ததும் ததேயுஸ் அண்ணனிடம் போனான். வீட்டுப் பின்பக்கம் மதிலில் சாய்ந்து நின்றிருந்தான் சிலுவை. ததேயுஸ் ஒன்றையும் மறைக்கவில்லை. மயினி சொன்னது வேறு, நான் பிரெஞ்சில் சொன்னது வேறு, தப்பு என்னுடையது என்று மூச்சு விடாமல் சொன்னான். கிணற்றடியில் கை வழுக்கியதுவரை சொன்னான்.

"நான் அவகிட்ட ஒண்ணும் கேக்கல்லியே மக்கா," என்றான் சிலுவை.

ஏழு வருஷமாக அந்த வீட்டைத் தாங்கியது இதே கேட்காமல் இருப்பதுதான்.

"மயினி விட்டுப் போச்சுன்னுதான் அண்ணா சொன்னா. விட்டேன்னு சொல்லல்ல."

சிலுவை மதிலில் ஒட்டியிருந்த பாசியை நகத்தால் சுரண்டினான். "ஷூ சரியா இருந்து. நெறம்கூட அதே நெறம். பாய்ல நெத்தோலி கெடந்தது சரி. அவ கொண்டையை முடியுத மாதிரிகூட சரியா இருந்து. நீ சொல்லிக் குடுத்தது எல்லாம் சரியா இருக்கும்ப, இது ஒண்ணு மட்டும் தெத்திப் போச்சாக்கும்?"

எதைச் சொன்னாலும் தம்பி மயினிக்காகப் பேசுகிறான் என்றுதான் ஆகும். அண்ணன் கோபப்படவில்லை, குரலை உயர்த்தவில்லை, தோளில் ஒருமுறை தட்டிவிட்டுக்கூடப் போனான். லீவு முடிய இன்னும் நாள் கிடந்தது. டிக்கெட்டை முன்னால் மாற்ற முடியுமா என்று விசாரிக்க அன்று மத்தியானமே மார்த்தாண்டம் போய்விட்டான்.

அவன் போன பிறகு ஜெபமணி ததேயுஸின் வீட்டுக்கு வந்தாள். லிஜி உள்ளே வாங்க என்று சொல்லும்முன்பே ட்யூஷன் பெஞ்சில் பிள்ளைகள் மாதிரி உட்கார்ந்தாள். ததேயுஸ் காலில் விழாத குறை. திட்டினால் நன்றாக இருக்கும் என்று காத்திருந்தான். அவள் திட்டவில்லை.

"நீ கேட்டவன்லா மக்கா. அண்ணைக்கு நான் என்ன சொன்னேன்?"

"விட்டுப் போச்சுன்னு சொன்னிய மயினி."

"அப்படித்தான் நானும் இம்புட்டு நாளு நெனச்சுக்கிட்டு இருந்தேன். அதுக்கு மேல நெனக்கல்ல." உள்ளங்கையைப் பார்த்துக்கொண்டாள். "நேத்து ராவுல இருந்து அந்தப் பெண்ணு வெரலத் தொறக்குததுதான் தெரியுது. எனக்க கை என்ன செஞ்சுன்னு ஓர்மை வரமாட்டேங்குது. அவளுக்க கைதான் வருது. சுஜின் ராத்திரி சோறு திங்கல்ல. எங்கிட்ட கேட்டான், எதுக்கு என்னை வச்சுக்கிட்டன்னு."

வெளியே யாரோ சைக்கிள் மணியடித்துக்கொண்டு மீன் மீன் என்று கூவிப் போனார்கள். அவள் அது போகிறவரை பொறுத்திருந்து கேட்டாள்:

"அவுங்க பாஷையில அப்படி ஒரு சொல்லு இல்லியா? ஆரும் விடாம கை விட்டுப் போறதுக்கு?"

இல்லை என்று சொல்லிவிடலாம். பழியை ஒரு மொழியின் தலையில் போட்டுவிட்டு அவன் ஒதுங்கிக்கொள்ளலாம். இந்த ஊரில் அதைச் சரிபார்க்க ஆள் கிடையாது.

"இருக்கு மயினி," என்றான். "அண்ணைக்கு வாயில வரல்ல."

ஜெபமணி எழுந்து, முந்தானையைச் சரிசெய்து, வாசலுக்குப் போனாள். படியில் நின்று, திரும்பாமலே சொன்னாள்.

"போகட்டு மக்கா. ஒனக்கும் விட்டுப் போச்சு."

அவள் போய்விட்டாள். ததேயுஸ் பெஞ்சைப் பிடித்துக்கொண்டு அப்படியே நின்றான். பழக்க தோஷம், அவனையறியாமல் மனது அந்த வாக்கியத்தைப் பிரெஞ்சில் சொல்லிப் பார்த்தது. இந்த முறை சரியான சொல் உடனே வந்தது.